கதைக்குள் ஒரு பஞ்சாங்கம்

இல்லாத உலகம் ஒன்றைப் படைத்து அதிலே கதை நடத்துகிற ஆசிரியர்களுக்கு ஓர் ஆசை தவறாமல் இருக்கிறது. நாடு, நதி, அரச வமிசம் எல்லாம் படைத்து முடிந்த பிறகு, அந்த உலகத்துக்கென்று ஒரு பஞ்சாங்கமும் செய்துவிட வேண்டும். மாதங்களுக்குப் புதுப் பெயர். வாரத்துக்கு எட்டு நாளோ பத்து நாளோ. அங்கே வாழும் துறவிகளுக்கு விரத நாட்கள். எல்லாவற்றையும் அட்டவணையாகப் போட்டுப் புத்தகத்தின் கடைசியில் சேர்த்துவிடுகிறார்கள். வாசகரும் மரியாதையோடு ஒருமுறை புரட்டிப் பார்த்துவிட்டு மூடிவிடுகிறார். அதில் பிழை ஒன்றும் இராது. உயிரும் இராது. ஏன் என்று யோசித்தால், அந்தப் பிழையின்மைதான் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

துறவிகளின் பஞ்சாங்கம் உண்மையில் எப்படி நடக்கிறது என்று பார்க்க நாம் வெகுதூரம் போக வேண்டாம். ஏற்காடு போதும். சேர்வராயன் மலைமேல் ஏறத்தாழ ஐயாயிரம் அடி உயரத்தில் இருக்கும் அந்தச் சிறிய ஊரில் குறைந்தது மூன்று பஞ்சாங்கங்கள் ஒன்றாக நடக்கின்றன. உச்சியில் குகைக்குள் இருக்கும் சேர்வராயனுக்கும் காவேரி அம்மனுக்கும் மலைவாழ் மக்கள் மே மாதத்தில் விழா எடுக்கிறார்கள். கீழே கன்னிமாடத்திலும் சகோதரர்களின் மடத்திலும் நடப்பது ரோமாபுரித் திருச்சபையின் ஆண்டு. அதற்குள்ளும் ஒவ்வொரு சபைக்கும் சொந்த நாட்கள் உண்டு. ஏப்ரல் 28 நமக்கெல்லாம் வெறும் தேதி. 1917-ல் இங்கே பள்ளி தொடங்கிய மான்ட்போர்ட் சகோதரர்களுக்கோ அது அவர்கள் பெயருக்குரிய புனிதரின் திருநாள். மூன்றாவது, காப்பிச் செடியின் பஞ்சாங்கம். கோடை மழை விழுந்த சில நாட்களில் தோட்டமெல்லாம் வெள்ளையாகப் பூக்கும். பனிக்காலத்தில் பழம் பறிக்க வேண்டும். இது போப்பாண்டவரையும் கேட்காது, ஜோசியரையும் கேட்காது.

டிசம்பர் 25 பழம் பறிக்கும் பருவத்தின் நடுவில் வருகிறது. செடியில் பழுத்த பழம் காத்திருக்காது. தொழுவத்தில் பிறந்த பாலகனையும் காக்க வைக்க முடியாது. நள்ளிரவுப் பூசைக்குப் போய் வந்த ஒரு பெண், விடிந்ததும் கூடையோடு தோட்டத்தில் நிற்பாளா, மாட்டாளா என்று கேட்டுப் பாருங்கள். கதை ஆரம்பமாகிவிட்டது. நாட்களின் வரிசையிலிருந்து கதை பிறப்பதில்லை. இரண்டு நாட்கள் மோதி, ஒன்று மற்றொன்றுக்கு வழிவிட வேண்டி வரும்போதுதான் பிறக்கிறது.

மடங்களுக்கும் கோயில்களுக்கும் இது நன்றாகத் தெரியும். எந்த நாள் எந்த நாளுக்கு வழிவிட வேண்டும் என்ற விதிகள்தாம் அவர்களுடைய பஞ்சாங்கத்தின் முதுகெலும்பு. தேவதூதன் மரியாளுக்குச் செய்தி சொன்ன மங்கள வார்த்தைத் திருநாள் மார்ச் 25. 2024-ல் அந்தத் தேதி பெரிய வாரத்தில் விழுந்தது. துக்க வாரத்தில் மங்களம் கூடாது. ஆகவே அதை ஏப்ரல் 8-க்குத் தள்ளிவைத்தார்கள். ஸ்ரீரங்கத்திலும் இதே நியாயம் நடக்கிறது. மார்கழியில் வைகுண்ட ஏகாதசி வைத்தால் பகல் பத்து, இராப் பத்து என்று நீளும் விழா தைத் தேர்த் திருவிழாவோடு மோதும் என்றால், அந்த முறை ஏகாதசியைக் கார்த்திகையிலேயே நடத்திவிடுகிறார்கள். 2021 டிசம்பர் 14-ல் அப்படித்தான் அங்கே சொர்க்க வாசல் திறந்தது. மற்றப் பெருமாள் கோயில்களில் 2022 ஜனவரி 13-ல். பத்தொன்பது ஆண்டுகளுக்கு ஒருமுறை இப்படி நேர்வது வழக்கம். நிலவின் 235 மாதங்கள் ஏறத்தாழ 19 சூரிய ஆண்டுகளுக்குச் சமம். ஈஸ்டர் நாளைக் கணித்த பழைய பாதிரிமார்களும் இதே பத்தொன்பதைத்தான் பிடித்துக்கொண்டார்கள். ஸ்ரீரங்கத்து அர்ச்சகரும் ரோமாபுரிப் பாதிரியாரும் ஒருவரையொருவர் அறியாமலே ஒரே நிலவுக்குக் கட்டுப்பட்டிருக்கிறார்கள்.

ஈஸ்டர் கணக்கில் ஏழாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் ஒரு சங்கடம் வந்தது. நார்த்தம்பிரியாவின் அரசன் ஒஸ்வி ஐரிஷ் துறவிகளின் கணக்கைப் பின்பற்றினான்; அவன் ராணி ரோமாபுரிக் கணக்கை. ஒரே அரண்மனையில் அரசன் நோன்பு முடித்து விருந்து உண்ணும்போது, ராணி இன்னும் குருத்தோலை ஞாயிற்றில் பட்டினி கிடந்தாள் என்று பீட் என்ற துறவி எழுதிவைத்திருக்கிறார். 664-ல் விட்பி மடத்தில் சபை கூட்டித்தான் வழக்கைத் தீர்த்தார்கள். நமக்கும் இது புதிதல்ல. வீட்டுச் சுவரில் தொங்கும் தினசரிக் காலண்டரில் முனித்ரய ஸ்ரீஜயந்தி ஒரு தாளிலும் பாஞ்சராத்ர ஸ்ரீஜயந்தி இன்னொரு தாளிலும் இருக்கக் காண்கிறோம். மாமியார் வீட்டுச் சீடையும் பிறந்த வீட்டுச் சீடையும் வேறு வேறு நாளில் வேகும் குடும்பங்கள் உண்டு.

இந்த உரைகல்லில் டோல்கீனை உரசிப் பார்க்கலாம். 1955-ல் வெளிவந்த 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில் ஷயர் என்ற நாட்டின் பஞ்சாங்கம் இருக்கிறது. பன்னிரண்டு மாதங்கள், எல்லாம் முப்பது நாள். மாதத்தில் சேராத ஐந்து நாட்கள். நடு ஆண்டு நாளுக்குக் கிழமையே கிடையாது. அதனால் ஒரு தேதி எந்த ஆண்டிலும் ஒரே கிழமையில்தான் வரும். எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் பிறக்காது. ஆகவே முதல் தேதி வெள்ளிக்கிழமை என்றால் அந்த ஊரில் என்றும் வராத நாள் என்று கேலி. அந்தக் கேலி ஒன்றைத் தவிர மற்றதெல்லாம் தச்சன் இழைத்த பலகை மாதிரி வழவழப்பு. ஒன்றும் எதனோடும் மோதவில்லை. ரசித்தேன், மறந்துவிட்டேன்.

மறக்க முடியாதது வேறொன்று. தீய மோதிரம் அழியும் நாள் மார்ச் 25. அதை அழிக்கப் புறப்பட்டவர்கள் கிளம்பிய நாள் டிசம்பர் 25. தேவமாதாவைப் பற்றியோ பாலகனைப் பற்றியோ கதையில் ஒரு சொல் இல்லை. ஆனால் டோல்கீன் சிறுவயது முதல் கத்தோலிக்கர்; அந்த நாட்களில் ஆண்டுதோறும் முழங்காலிட்டவர். புத்தியால் செய்த பஞ்சாங்கம் பின்னிணைப்பில் கிடக்கிறது. வாழ்ந்த பஞ்சாங்கம் கதைக்குள் போய்விட்டது.

அதே 1955-ல் நம் நாட்டிலும் ஒரு பஞ்சாங்கம் செய்தார்கள். விஞ்ஞானி மேகநாத் சாகாவின் தலைமையில் அமைந்த குழு அறிக்கை தந்தது. 1957 மார்ச் 22 முதல் சக ஆண்டுக் கணக்கு தேசியக் கணக்காயிற்று. வானசாஸ்திரப்படி சீரான கணக்கு. அரசிதழில் அச்சாகிறது. அதைப் பார்த்துத் தாலி கட்டியவர் யாரையும் நான் கண்டதில்லை.

கல்கி பொன்னியின் செல்வனை ஆடிப் பெருக்கு நாளில் ஆரம்பித்தபோது, அந்த நாள் எதற்கு என்று தமிழ் வாசகருக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. இல்லாத உலகத்தை எழுதுகிறவனுக்கு அந்தப் பாக்கியம் இல்லை. அவன் அட்டவணையால் அதை ஈடுகட்டப் பார்க்கிறான், முடியாது. அவனிடம் நான் கேட்பது ஒன்றுதான். உன் துறவிகள் எந்த நாளில் பட்டினி இருக்கிறார்கள் என்று சொல்லாதே. ஒருவன் பட்டினி கிடக்கும் அதே நாளில் அடுத்த அறைத் துறவி ஏன் சாப்பிடுகிறான், இருவரும் மறுநாள் ஒருவர் முகத்தில் ஒருவர் எப்படி விழிக்கிறார்கள் என்று சொல். பஞ்சாங்கத்தை நான் நம்பிவிடுகிறேன்.