இலவணன் கனவும் சயந்தன் கனவும்: கால மயக்கம் பற்றிய ஒரு நோக்கு

கனவிற் காலம் நனவிற்போல் ஓடுவதில்லை என்பது யாவரும் அறிந்தது. ஒரு நாழிகைத் துயிலுள் ஓர் ஆயுட்காலமே கழிந்துவிடுதல் கூடும். இவ்வனுபவத்தைத் தமிழில் விரிவாகக் கையாண்ட நூல்களுள் ஒன்று, யோகவாசிட்டத்தைத் தழுவி வீரை ஆளவந்தார் இயற்றிய ஞானவாசிட்டமாகும். அதனுள் வரும் இலவணன் கதையை, யாழ்ப்பாணத்திற் பெரிதும் பயிலப்படும் கந்தபுராணத்துச் சயந்தன் கனவோடு ஒப்பிட்டு நோக்குவது இக்கட்டுரையின் கருத்தாகும். காலம் மயங்குவதனால் அக்காலத்திற் பட்ட துன்பமும் பொய்யாகிவிடுமா என்பதே நாம் எழுப்பும் வினா.

இலவணன் அரிச்சந்திரன் மரபில் வந்த அரசன். அவன் அவைக்கு வந்த இந்திரசாலக்காரன் மயிற்பீலியை அசைத்த அளவில் மன்னன் மயங்குகின்றான். குதிரையொன்று அவனைக் காட்டுக்குக் கொண்டு செல்கின்றது. பசியால் வாடியவனுக்கு உணவளித்த புலைமகளை மணந்து, மக்களைப் பெற்று, அறுபதாண்டு அச்சேரியில் வாழ்கின்றான். பஞ்சம் வருகின்றது. பசித்தழும் மகனுக்குத் தன்னுடலையே உணவாக்கத் தீயிற் பாய முற்படும்போது விழிக்கின்றான். அவையோர்க்குக் கழிந்ததோ சிறிது பொழுதே.

காலமும் உலகும் மனத்தின் விரிவே என்பதற்குச் சான்றாகவே இக்கதை பெரும்பாலும் எடுத்தாளப்படுகின்றது. ஆயின் கதை அங்கு முடியவில்லை என்பது கருதத்தக்கது. மறுநாள் இலவணன் விந்தமலைச் சாரலுக்குச் செல்கின்றான். தான் கண்ட சேரி அங்கே உள்ளது. மகளையும் மருமகனையும் பேரரையும் இழந்த முதியவள் ஒருத்தி அழுதுகொண்டிருக்கின்றாள். இதற்கு வசிட்டர் கூறும் விளக்கங்களுள் ஒன்று காகதாலீயம். அஃதாவது, காக்கை இருக்கப் பனம்பழம் விழுந்தாற் போன்ற தற்செயல். தத்துவ அளவில் இவ்விளக்கம் அமையலாம்; இலக்கிய அளவில் அம்முதியவளின் அழுகையை அஃது அடக்கவில்லை. அரசனுக்கு விழிப்பு உண்டு. அவளுக்கு எந்த விழிப்பு?

இவ்வினா யாழ்ப்பாணத்து வாசகர்க்குப் புறம்பானதன்று. அரசன் கண்ட தீக்கனவாகக் கதை காட்டும் சேரி வாழ்வு, இம்மண்ணிற் பலர்க்குத் தலைமுறை தலைமுறையாக நனவாகவே இருந்தது. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் ஆலயப் பிரவேசம் வேண்டி நின்றவர்களுக்கு அவ்வாழ்வு ஒரு கணத்து மயக்கமாக இருந்திருக்க இயலாது. 1972இல் வெளிவந்த கே. டானியலின் ‘பஞ்சமர்’ நாவலை வாசித்தபின் இலவணன் கதையை மீளப் படிப்போர்க்கு, அதன் நடு அரசனிடமிருந்து முதியவளிடம் பெயர்ந்துவிடுகின்றது.

இனிச் சயந்தன் கனவை நோக்குவாம். நூற்றெட்டு யுகம் ஆளும் வரம் பெற்ற சூரபன்மனின் மகேந்திரபுரியில் இந்திரன் மகன் சயந்தன் சிறையிருக்கின்றான். கச்சியப்பர் அவனுக்கெனச் ‘சயந்தன் கனவு காண் படலம்’ என ஒரு படலமே வகுத்துள்ளார். முருகன் கனவில் தோன்றித் தேற்றுகின்றான். சிறை நீக்கம் வரும் என்கின்றான். சயந்தன் விழிக்கும்போது சிறை சிறையாகவே உள்ளது. கழிந்த யுகங்கள் கணமாகச் சுருங்கவில்லை. எஞ்சிய காலத்துக்கு ஓர் எல்லை மட்டும் தெரிகின்றது. பின்னர்த் தூதன் வீரவாகு நனவிலேயே வந்து அக்கனவை உறுதி செய்கின்றான்.

இவ்வேறுபாட்டின் வேர் சைவசித்தாந்தத்தில் உள்ளது. அங்கே மாயை பொய்த்தோற்றமன்று. உலகின் முதற்காரணமாகிய உள்பொருள். அதிற் பிறந்த வித்தியாதத்துவம் ஏழனுள் காலமும் ஒன்று. நனவிற் தொழிற்படும் கருவிகள் முப்பத்தைந்து. அவற்றுள் ஞானேந்திரியமும் கன்மேந்திரியமுமாகிய பத்தும் ஓய, இருபத்தைந்தோடு உயிர் நிற்கும் நிலை கனவு. ஆதலின் கனவென்பது உலகைப் பொய்யாக்கும் சான்றன்று. உயிரின் அவத்தைகளுள் ஒன்றே. சிவஞானசித்தியாருக்கு உரைகண்ட திருநெல்வேலி ஞானப்பிரகாச முனிவரை ஈன்ற இம்மண்ணிற் கோயில்தோறும் கந்தபுராணத்தைப் படித்துப் பயன் சொல்லும் மரபு வேரூன்றியமைக்கு, இக்கொள்கையும் ஒரு துணையாயிற்று எனலாம்.

ஞானவாசிட்டத்தைக் குறைகூறுவது எமது நோக்கமன்று. அது வாழ்விற் கசப்புற்ற இராமனுக்கு உரைத்த நூல். பற்றறுத்தலே அதன் பயன். தன் துன்பத்தைக் கனவென்று கொள்வது ஒருவனுக்கு ஞானமாகலாம். பிறர் துன்பத்தை அவ்வாறு கொள்வது ஞானமாகாது. நீண்ட போரையும் இடப்பெயர்வையும் சிறையையும் 2009 வரையும் அதன் பின்னரும் ஆண்டுக் கணக்காய் எண்ணிக் கழித்த மக்கள் நடுவே இலக்கியம் பயிலும் நாம், கனவின் காலத்தை அளக்கும்போது, விழித்தெழ இயலாதவரின் காலத்தையும் உடன்வைத்து அளத்தல் வேண்டும். ஞானவாசிட்டம் அம்முதியவளை நீக்கிவிடாது கதையுள் இருத்தியிருப்பதே அந்நூலின் இலக்கியச் சிறப்பு என்பது எமது துணிபு.