சான்றும் எடுத்துரைப்பும்: 'தி கிங் ஆஃப் காங்' ஆவணப்படம்

சிறு குழுவினர் தமக்குள் விதி வகுத்துக்கொண்டு நடத்தும் போட்டிகள், 2000-க்குப் பிந்தைய அமெரிக்க ஆவணப்படங்களுக்கு உகந்த களங்களாயின. ஸ்கிராபிள் ஆட்டக்காரர்களைப் பற்றிய 'வேர்ட் வார்ஸ்' (2004), குறுக்கெழுத்துப் புதிர் ஆர்வலர்களைப் பற்றிய 'வேர்ட்பிளே' (2006) ஆகியவை இவ்வகையின. இவ்வரிசையில் மிகுதியும் பேசப்பட்டது சேத் கார்டன் இயக்கிய 'தி கிங் ஆஃப் காங்' (2007) ஆகும்.

1981-இல் நிண்டெண்டோ வெளியிட்ட டாங்கி காங் என்னும் காசு விளையாட்டே படத்தின் பொருள். 1982-இல் பில்லி மிட்செல் பெற்ற 8,74,300 புள்ளிகளை வாஷிங்டன் மாநிலத்து ஸ்டீவ் வீபி முறியடிக்க முயல்வது கதை. வீபி தம் வீட்டில் எடுத்துப் பதிவுசெய்து அனுப்பிய 10,06,600 புள்ளிகள், எந்திரத்தின் மின்பலகை யாரிடமிருந்து வந்தது என்ற ஐயத்தால் ஏற்கப்படவில்லை. அவர் நியூ ஹாம்ப்ஷயரின் ஃபன்ஸ்பாட் விளையாட்டுக் கூடத்திற்கு நேரில் சென்று 9,85,600 புள்ளிகள் எடுக்கிறார். அங்கேயே மிட்செலின் 10,47,200 புள்ளிகளுக்கான ஒளிநாடா திரையிடப்படுகிறது. நேரில் வந்தவரின் பதிவு ஐயத்திற்கும், வாராதவரின் பதிவு ஏற்புக்கும் உள்ளாகும் இம்முரணே படத்தின் உயிர்நிலை எனலாம். புள்ளிகளைப் பதிவுசெய்யும் ட்வின் கேலக்ஸீஸ் அமைப்பு, ஆவணக் காப்பகமாகவும் நடுவர் மன்றமாகவும் ஒருங்கே இயங்குவதன் இடர்ப்பாட்டைப் படம் நுட்பமாகக் காட்டுகிறது.

ஆயின், சான்றின் நேர்மையை வினவும் இப்படம் தன் சான்றுகளை எவ்வாறு கையாண்டது என்ற வினா எழுகிறது. மிட்செலின் 1982-ஆம் ஆண்டுப் புள்ளிகளை வேறோர் ஆட்டக்காரர் 2000-இலேயே கடந்துவிட்டார். வீபியும் 2003-இல் 9,47,200 புள்ளிகளுடன் சாதனையாளராக ஏற்கப்பட்டிருந்தார். இவ்விரு செய்திகளும் படத்தில் இல்லை. இவற்றைச் சேர்த்திருப்பின், கால் நூற்றாண்டு அசையாத அரியணை, வாயிலில் நிறுத்தப்பட்ட எளியவன் என்னும் இரு படிமங்களும் நிலைத்திரா. சுருக்கம் எந்தத் தொகுப்பிற்கும் இன்றியமையாததே. இங்கு நிகழ்ந்ததோ சுருக்கமன்று, கதைப்பின்னலின் அடித்தளத்தையே மாற்றிய விடுபாடு.

இவ்விடுபாட்டால் குழுவும் சுருங்குகிறது. ஆட்டத்தின் 22-ஆம் நிலையில் நேரக் கணக்கு 260-ஐ எட்டுகிறது; எட்டு பிட் நினைவிடம் 255-க்கு மேல் கொள்ளாமையின் நேரம் மிகக் குறைந்து ஆட்டம் முடிகிறது. எல்லை இவ்வாறு வரையறுக்கப்பட்டமையால், அதற்குள் ஒவ்வொரு நிலையிலும் புள்ளியைப் பிழிந்தெடுப்பதே திறனாகிறது. இத்திறன் ஆட்டக்காரர் பலர் ஒருவரிடமிருந்து ஒருவர் கற்று வளர்த்த கூட்டறிவு. படம் அதனை இருவரின் பகையாகக் குறுக்கி, ஏனையோரை நகைப்புக்குரிய துணைமாந்தராக்கிவிட்டது. வீபி பியானோவும் முரசும் வாசிக்கும் காட்சிகளுக்குக் கிடைத்த பொறுமை இவர்களுக்குக் கிடைக்கவில்லை.

பின்னாளைய நிகழ்வுகள் படத்தின் பொருளை மேலும் சிக்கலாக்கின. மூல எந்திரத்தில் ஆடப்பட்டவையல்ல என்று கூறி மிட்செலின் புள்ளிகளை 2018-இல் ட்வின் கேலக்ஸீஸ் நீக்கியது. அவர் அதனை மறுத்து வழக்குத் தொடுத்தார். கின்னஸ் நிறுவனம் 2020-இல் அவர் சாதனைகளை மீட்டளித்தது. 2024-இல் வழக்கு உடன்பாட்டில் முடிய, அவை ட்வின் கேலக்ஸீஸின் பழைய தரவுக் காப்பகத்தில் இடம்பெற்றன. நீக்கத்தைப் படத்திற்குக் கிடைத்த வெற்றியாகக் கொண்ட இரசிகர்கள் இவ்விறுதிப் பகுதியைப் பெரிதும் பேசுவதில்லை. ஃபன்ஸ்பாட்டில் ஒளிநாடா ஓடும் காட்சி இன்று தொழில்நுட்பத் தடயமாகவும் வாசிக்கப்படுகிறது; கார்டனின் படத்தொகுப்பு அக்காட்சிக்கு அளித்ததோ வில்லனின் வருகை என்னும் பொருள் மட்டுமே.