ஏலமும் பேரமும்

விளையாட்டிற் பணம் புகுந்தமையால் விளையாட்டுக் கெட்டது என்பது பரவலாக வழங்கும் முடிபு. ஹொக்கியின் வரலாற்றை நோக்குமிடத்து இம்முடிபு முழுமையானதன்று என்பது புலனாகும். எவ்வளவு பணம் வந்தது என்பதிலும் பார்க்க, அதன் அளவைத் தீர்மானித்தவர் யார் என்பதே ஆராயத்தக்கது.

வட அமெரிக்கப் பனித்தள ஹொக்கியில் ஆட்டக்காரன் நெடுங்காலம் தன் கழகத்தை விட்டு நீங்க இயலாதவனாயிருந்தான். 1972இல் உலக ஹொக்கிச் சங்கம் போட்டியமைப்பாகத் தோன்றியதும் சிக்காகோ அணியின் பொபி ஹல் பத்து இலட்சம் டொலர் முற்பணத்துடன் வின்னிபெக் அணியிற் சேர்ந்தார். அவரது திறமை அவ்வாண்டிற் பிறந்ததன்று. அவரைக் கேட்டு இரண்டாமவர் வந்ததே புதிது.

இந்தியாவில் 2010 சனவரியில், புனே முகாமிலிருந்த தேசிய அணியினர் தமக்குரிய பணம் கிடைக்கும்வரை பயிற்சி செய்ய மறுத்தனர். உலகக் கிண்ணப் போட்டி அடுத்த மாத இறுதியிற் புதுடில்லியில் தொடங்கவிருந்தது. சில நாட்களில் உடன்பாடு ஏற்பட்டது. இது பேரம். 2013இல் தொடங்கிய ஹொக்கி இந்தியா லீக்கின் ஏலத்தில் சர்தார் சிங் 78,000 டொலர் விலைபெற்றார். ஆனால் ஏலத்தில் விலை கூறுபவர் வாங்குபவரே. ஆட்டக்காரன் பொருளாகவே நிற்கிறான். 2017இன் பின் லீக் நின்றது. 2024 இறுதியிலேயே மீண்டும் தொடங்கிற்று. இடைப்பட்ட ஆண்டுகளில் அவ்விலைக்கு யாரும் பொறுப்பாயிருக்கவில்லை.

இவ்வேறுபாடு சப்பிரகமுவைக்கும் அந்நியமானதன்று. 2021இல் தோட்டக் கம்பனிகள் கூட்டு ஒப்பந்தத்திலிருந்து விலக, ஆயிரம் ரூபா நாட்சம்பளத்தைச் சம்பள நிர்ணய சபை விதித்தது. தொகை உயர்ந்தது, பேரமேசையோ வெறுமையாயிற்று. பறிக்காத கொழுந்து முற்றும். வெட்டாத நாளின் இறப்பர் பால் மீளாது. ஆகவே புனே ஆட்டக்காரருக்கு இருந்த காலவலிமை இரத்தினபுரி, கேகாலைத் தொழிலாளருக்கும் உண்டு. அயலிலுள்ள தேயிலைச் சிறுதோட்டங்களும் ஆள் தேடுகின்றன, இரண்டாமவரும் இல்லாமலில்லை. இருந்தும் அவ்வலிமை பயன்படாமைக்குக் காரணம் லயன் அறையே. வேலையை விட்டால் வீடும் போகும் என்னும் அச்சம், அன்று ஆட்டக்காரனைக் கழகத்தோடு கட்டிவைத்த ஒப்பந்த விதியின் பணியையே இங்கு செய்கிறது.

ஆதலின் சம்பளக் கோரிக்கையை வீட்டுரிமைக் கோரிக்கையினின்றும் பிரித்தெழுப்புவது குறையுடைத்து. காணியும் வீடும் தனதாகாதவரை தொழிலாளிக்குக் கிடைப்பது பிறர் கூறும் விலையேயன்றித் தான் பேசிய கூலியன்று.