பி.கே.ரோசியும் ஊமைப்படத்தில் சாதி அடையாளமும்

மலையாளத்தின் முதல் திரைப்படமாகிய விகதகுமாரன் குமரிப் பகுதியின் அகஸ்தீஸ்வரத்தைச் சார்ந்த ஜே.சி.டேனியலால் எடுக்கப்பெற்றது. திருவனந்தபுரம் கேப்பிட்டல் அரங்கில் அது திரையிடப்பட்ட நாள் 1928 நவம்பர் 7 என்றும் 1930 அக்டோபர் 23 என்றும் இருவேறாகக் கூறப்படுகிறது. படச்சுருள் எஞ்சவில்லை. எனவே அதன் நாயகி பி.கே.ரோசியைப் பற்றிய மதிப்பீடு யாவும், காணக் கிடைக்காத ஒரு நடிப்பைப் பற்றிய மதிப்பீடாகவே அமைய வேண்டியுள்ளது.

புலையர் குலத்தில் பிறந்த ரோசி, சரோஜினி என்னும் நாயர் பெண்ணாக நடித்தார். நாயகன் அவர் கூந்தலில் சூடிய மலரை முத்தமிடும் காட்சியில் அரங்கினர் கொதித்தெழுந்து திரையைக் கிழித்தனர் என்பதும், அவர் வீடு தாக்கப்பட்டது என்பதும் வாய்மொழியாக வழங்கிவரும் செய்திகள். இக்கலவரத்தைச் சாதிக்கொடுமை என்று கூறி நிறுத்துவதே வழக்கம். அது உண்மையே, ஆயினும் முழுமையன்று. பேச்சு வழக்கு சாதியைக் காட்டிக்கொடுக்கும் நிலத்தில், ஊமைப்படம் பேச்சை நீக்கிவிட்டது. எஞ்சியவை உடையும் நடையும் பார்வையுமே. அவற்றைக் கொண்டு ஒரு புலையப்பெண் நாயர் பெண்ணாகத் தோன்ற முடிந்தது என்பதே பார்வையாளரைச் சினங்கொள்ளச் செய்திருக்கலாம். சினத்தையே நடிப்புத் திறனுக்குச் சான்றாகக் கொள்வதும் பொருந்தாது. நடித்தவர் யார் என்பதை அரங்கினர் முன்னரே அறிந்திருந்தனர்.

திறனுக்குரிய சான்றை வேறிடத்தில் தேட வேண்டும். ரோசி காக்காரிசி நாடகக் கலைஞர். தமிழும் மலையாளமும் விரவிய தென்திருவிதாங்கூர் நாட்டார் கூத்து அது. காக்கானும் தம்புரானும் வினாவிடையாக உரையாட, எள்ளல் மேலோங்கும். ஆடவரே பெண்வேடம் கட்டிய அம்மேடையில் ஒரு பெண் நடித்தது சிறு செயலன்று. குரலை முதலாகக் கொண்ட கலையிலிருந்து குரலற்ற கலைக்கு அவர் வந்தார் என்பது ஆய்வாளர் கவனத்தில் போதிய அளவு படவில்லை.

வினு ஆபிரகாமின் நஷ்டநாயிகா என்னும் புதினம் ரோசியை நடுவில் வைக்கிறது. அதனைத் தழுவிய கமலின் செல்லுலாய்டு (2013) காக்காரிசி மேடையைக் காட்டினாலும், அவரை அஞ்சி ஒடுங்கும் பெண்ணாகவே பெரிதும் வரைகிறது. அவர் ஊரை விட்டு ஓடியபின் கதை டேனியலின் துயரமாக மாறிவிடுகிறது. படைப்பாளன் வீழ்ச்சிக்கு நாயகி துணைச்சான்றாகிறாள். படத்தின் குறைகளுள் இதுவே பெரிது எனலாம்.

ஓடியவர் சேர்ந்த இடம் நாகர்கோவில். லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, ராஜம்மாள் என்னும் பெயருடன் தமிழ் வழங்கும் நிலத்தில் வாழ்ந்து மறைந்தார். கணவர் நாயர் சமூகத்தவர் என்பர். திரையில் எவ்வேடத்திற்காகத் துரத்தப்பட்டாரோ, அவ்வேடமே பார்வையாளரற்ற வாழ்வாயிற்று. 1956இல் குமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்த பின்னரும் தமிழ்த் திரைப்பட வரலாறுகளில் அவர் இடம்பெறவில்லை. மலையாளியாகவே எண்ணி விடப்பட்டார் போலும். குமரி மாவட்டக் காக்காரிசிப் பாடல்களையும் நடிப்பு மரபையும் தொகுப்போர்க்கு ரோசியின் கலையை அணுக இன்னும் வழியுண்டு.