மேடையும் கால்களும்: ‘பேலன்ஸ்’ குறும்படத்தில் உடற்சமநிலை

வொல்ஃப்காங் லாவென்ஸ்டைன், கிறிஸ்டோஃப் லாவென்ஸ்டைன் என்னும் செருமானிய இரட்டையர் 1989இல் உருவாக்கிய ‘பேலன்ஸ்’, ஏறத்தாழ ஏழு நிமிடமே ஓடும் பொம்மை அசைவூட்டப் படமாகும். 1990இல் சிறந்த அசைவூட்டக் குறும்படத்திற்கான ஆஸ்கார் விருதினைப் பெற்றது. இதனைப் பேராசையின் கேட்டினை உணர்த்தும் நீதிக்கதையாக வகுப்பறையில் காட்டுவோர் பலர். நாமும் அவர்களுள் ஒருவராய் இருந்தோம். அப்பொருள்கோள் தவறன்று. ஆயினும், படத்தின் உயிர்நிலையை அது தொடவில்லை என்றே இப்போது கருதுகின்றோம்.

வெற்றுவெளியில் மிதக்கும் ஒரு மேடை. அதன்மீது நீண்ட மேலங்கி அணிந்த ஐவர். பெயரில்லை, முதுகில் எண் மட்டுமே உண்டு (இவ்வெண்கள் சற்று மிகையான குறியீடு என்பது நம் கருத்து). ஒருவர் ஓரடி வைத்தால் மேடை சாயும். ஏனையோர் உடனே இடம்பெயர்ந்து ஈடுசெய்தல் வேண்டும். உரையாடல் அறவே இல்லை. பிறரது இருப்பை இவர்கள் கண்ணால் அறிவதினும் உள்ளங்காலால் அறிகின்றனர் எனலாம்.

தூண்டிலிட்ட ஒருவர் கீழிருந்து கனத்த பெட்டியொன்றை இழுத்தேற்றுகின்றார். அதனுள்ளிருந்து இசை எழுகின்றது. மேடையிலுள்ள எடைகளுள் இப்பெட்டி ஒன்றே பிறர்க்கு ஈடுசெய்ய இயலாதது. சரிந்த பக்கம் சறுக்குவதன்றி அதற்கு வேறு செயலில்லை. அதனை அடைய முயல்வோரும் மெல்ல மெல்ல அப்பெட்டியைப் போன்றே ஆகின்றனர். ஒருவரையொருவர் தள்ளி வீழ்த்தும் காட்சிகள் விரைந்து கழிகின்றன; அவற்றில் நாம் கற்பதற்கு மிகுதியில்லை.

இறுதியில் எஞ்சுபவர் ஒருவரே. பெட்டி எதிர்மூலையில் நிற்கின்றது. மேடை தொடக்கத்தில் போலவே மட்டமாக உள்ளது; குறைவற்ற சமநிலை! எனினும், ஐவர் நின்றபோது எவரும் நடக்க இயன்றது, ஈடுசெய்யப் பிறர் இருந்தமையால். இப்போதோ ஓரடியும் எடுத்துவைக்க இயலாது. எனவே, சமநிலையே நன்மை என்று கொள்வார்க்கு இப்படம் இடங்கொடுப்பதில்லை.

திருக்குறளின் நடுவுநிலைமை அதிகாரத்தோடு இதனை ஒப்பிட மாணவர் விழைவர். அங்கு வரும் துலாக்கோலில் தூக்கப்படும் பொருள் வேறு, தூக்குபவர் வேறு. இங்கோ தட்டின்மேல் நிற்பவரே எடையும் ஆவர். வெளியே நின்று சீர்தூக்க எவருமில்லை. இவ்வேறுபாட்டினைச் சுட்டாத ஒப்பீடு மேலோட்டமாகவே அமையும்.

பொம்மை அசைவூட்டத்தில் ஒவ்வொரு சட்டகமும் அசையாப் பொம்மையின் நிழற்படமே. அசைவற்ற பொம்மைகளை நடமாடச் செய்த கலைஞர்கள், கடைசிப் பொம்மையை மீண்டும் அசையாமல் நிறுத்திவிடுகின்றனர். அவர் பெட்டியை நோக்கியவாறே நிற்கின்றார்.