பால்டிமோர் கிளப்: இசை ஊர் தாண்டியது, பெயர்கள் தாண்டவில்லை

2020 ஆகஸ்டில் கார்டி பி, மேகன் தீ ஸ்டாலியன் இருவரும் சேர்ந்து வெளியிட்ட ‘வாப்’ அமெரிக்க பில்போர்டு பட்டியலில் நேராக முதலிடத்தில் வந்து அமர்ந்தது. அந்தப் பாட்டின் அடியில் தொடக்கம் முதல் முடிவு வரை ஓர் ஆண் குரல் சுற்றிச் சுற்றி வந்துகொண்டே இருக்கும். அது 1990களின் தொடக்கத்தில் ஃப்ராங்க் ஸ்கீ என்ற டிஜே பால்டிமோர் நகரத்து நடனக்கூடங்களுக்காகச் செய்த இசைத்தட்டிலிருந்து எடுத்த குரல். அவருடைய இயற்பெயர் ஃப்ராங்க் ரோட்ரிகஸ். பாடலை எழுதியவர்கள் பட்டியலில் அதைக் காணலாம். அந்த ஊர் இசையை உருவாக்கியவர்களில் இப்படி ஒரு பட்டியலில் பெயர் ஏறியவர்கள் மிகச் சிலர்.

பால்டிமோர் கிளப் என்று அறியப்படும் இந்த இசைக்கு முப்பது ஆண்டுகளுக்கு மேல் வயது. மேரிலாந்து மாநிலத்தின் அந்தத் துறைமுக நகரத்தில் கறுப்பின மக்கள்தான் பெரும்பான்மை. சிகாகோவிலிருந்து ஹவுஸ் இசை வந்து சேர்ந்தபோது அதன் வேகத்தை மட்டும் அவர்கள் எடுத்துக்கொண்டார்கள். நிமிடத்துக்குச் சுமார் 130 அடி. ஹவுஸின் சீரான நாலடி கிக், அதாவது பெரிய டிரம்மின் அடி, அவர்களுக்குப் போதவில்லை. உடைந்து, தாவி, இடறி விழுவதுபோல் விழுந்து எழும் டிரம்ஸ் வேண்டியிருந்தது. அதற்கு இரண்டு பழைய பதிவுகள் கை கொடுத்தன. ஒன்று, ஜேம்ஸ் பிரவுன் தயாரிப்பில் லின் காலின்ஸ் 1972-ல் பாடிய ‘திங்க்’. இன்னொன்று, காஸ் குழுவின் ‘சிங் சிங்’ என்ற டிஸ்கோ பதிவு. இரண்டிலும் பாட்டு நின்று டிரம்ஸ் மட்டும் ஒலிக்கும் ‘பிரேக்’ எனும் சில நொடிகளைச் சாம்ப்ளரில் வெட்டியெடுத்து, ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி ஓடவிட்டார்கள். மேலே ஒரே ஒரு குரல் வரி, அதுவும் துண்டு துண்டாக: தொலைக்காட்சித் தொடரின் முகப்புப் பாட்டு, தெருப்பிள்ளைகளின் கூவல், பேட்டைகளின் பெயர்கள். எது அகப்பட்டாலும் அது பாட்டானது.

இதை ஏழ்மையின் இசை என்று எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. ‘திங்க்’ பதிவில் டிரம்ஸ் வாசித்த ஜாபோ ஸ்டார்க்ஸின் சில நொடிகளுக்குள் எத்தனை உள்ளடுக்கு இருக்கிறது என்று கண்டுபிடித்தது கூர்மையான செவி. ஒரே பிரேக்கை நூற்றுக்கணக்கானோர் கையாண்டும் ஸ்காட்டி பி-யின் டிராக் வேறு, டிஜே டெக்னிக்ஸின் டிராக் வேறு, கே.டபிள்யூ. கிரிஃபின் டிராக் வேறு என்று ஊரார் முதல் நாலு அடியிலேயே சொல்லிவிடுவார்கள். அப்படி அடையாளம் சொல்லும் ரசிகர்கள் வாய்த்ததால்தான் அந்த நுணுக்கம் வளர்ந்தது.

ரசிகர்கள் கூடிய இடங்களைச் சொல்லாமல் இந்த டிஜேக்களின் வாழ்க்கையைச் சொல்ல முடியாது. நார்த் அவென்யூவில் ஓடெல்ஸ் 1976 முதல் 1992 வரை இயங்கியது. அங்கே இசை போட்டுவந்த வேய்ன் டேவிஸ் 1991-ல் ரஸ்ஸல் தெருவில் பாரடாக்ஸ் என்ற கூடத்தைத் திறந்தார். கால் நூற்றாண்டு நடந்து 2016-ல் அது மூடப்பட்டது. இவை தவிர ஃபேன்டஸி, ஹாமர்ஜாக்ஸ். புது டிராக்கின் தகுதியை முடிவு செய்தவர்கள் அங்கே ஆடியவர்கள். ‘கிரேஸி லெக்ஸ்’ போன்ற கால் நடனங்களில் போட்டி போட்ட பதின்வயதினருக்குக் கால் ஓடவில்லை என்றால் அந்த டிராக்குக்கு அடுத்த வாரம் கிடையாது. மைக் பிடித்து ஆடுகிறவர்களை ஏற்றிவிடும் கலையில் மிஸ் டோனிக்கு இணை இல்லை. பெண் உடையில் தோன்றிய அந்தக் கறுப்பின ஆண் கலைஞர் மேடையில் சொன்ன சொற்களே பல டிராக்குகளின் குரல் வரிகளாயின. பின்னால் ஃப்ராங்க் ஸ்கீயோடு வானொலியிலும் பேசினார். 2003-ல் இறந்தார். அவருக்குக் கிடைத்திருக்க வேண்டிய இடம் வரலாற்றில் இன்னும் கிடைக்கவில்லை என்றே நினைக்கிறேன்.

கூடத்துக்கு அடுத்தது கடையும் வானொலியும். 1990களின் நடுவில் ஸ்காட்டி பி-யும் ஷான் சீசரும் அன்ரூலி ரெக்கார்ட்ஸைத் தொடங்கினார்கள். கையிருப்புக்குத் தகுந்தபடி வைனல் அச்சடிப்பது, ஊர் டிஜேக்களுக்கும் கடைகளுக்கும் கொடுப்பது, விற்ற காசில் அடுத்ததை அச்சடிப்பது, இதுதான் தொழில். பிறகு மிக்ஸ் சி.டி. வந்தது. இந்தச் சந்தையில் முழுமையாக உருவான தயாரிப்பாளர் என்று ராட் லீயைச் சொல்லலாம். டிராக் செய்வார், கூடத்தில் போடுவார், சி.டி. விற்பார். 2005-ல் மார்ஃபியஸ் ரெக்கார்ட்ஸ் வெளியிட்ட அவருடைய ‘வால்யூம் 5: தி அஃபிஷியல்’, பால்டிமோர் கிளப் நாடு முழுவதும் கடைகளுக்குச் சென்ற முதல் தொகுப்புகளில் ஒன்று. அதிலுள்ள ‘டான்ஸ் மை பெய்ன் அவே’ இந்த இசையில் அபூர்வமான பாட்டு. வெட்டிய ஒற்றை வரிக்குப் பதிலாக, கடனும் வேலையும் நெருக்கும் ஒரு மனிதன் ஆட்டத்தில் ஆறுதல் தேடுவதை முழுப் பாட்டாகவே சொல்கிறது. பால்டிமோரில் நடக்கும் ‘தி வயர்’ தொலைக்காட்சித் தொடரின் இசைத் தொகுப்பிலும் அது இடம்பெற்றது. ஆட வந்தவர்களை ஆடவைத்துக்கொண்டே அவர்கள் வீட்டுக் கவலையையும் பேசிவிட முடிந்தது ராட் லீயின் சாதனை.

ஊரே தன் குரலாக ஏற்றுக்கொண்டது கே-ஸ்விஃப்டைத்தான். கியா எட்ஜர்டன் என்ற அந்தப் பெண் 92கியூ வானொலியில் கிளப் இசையைப் பள்ளிப் பிள்ளைகளின் அன்றாடமாக்கினார். ஆண்களே நிறைந்திருந்த தொழிலில் ‘கிளப் குயின்’ என்ற பட்டத்தைப் பெற்றார். ‘தி ஜம்ப்ஆஃப்’ என்ற பெயரில் தொகுதி தொகுதியாக வந்த அவருடைய மிக்ஸ் சி.டி.க்கள்தான் பலருக்கு இந்த இசையின் முதல் அறிமுகம். யாருடைய டிராக்கை அவர் போடுகிறாரோ அவர் ஊரறிந்தவர் ஆனார். 2008 ஜூலை 21 அன்று தன் வீட்டு நீச்சல்குளத்தில் நேர்ந்த விபத்தில் அவர் இறந்தபோது வயது 29. அதன் பிறகு பால்டிமோர் கிளப் தளர்ந்தது என்று சொல்வது வழக்கம். வைனல் கடைகள் மூடிக்கொண்டிருந்ததும், சி.டி. விற்பனை சரிந்ததும், கூடங்கள் குறைந்ததும் சேர்ந்து நடந்தவை. ஆனாலும் கூடத்தையும் கடையையும் வானொலியையும் ஒருசேரப் பிடித்திருந்த கை அவருடையது. அந்த இடத்தை நிரப்ப இன்னொருவர் அமையவில்லை.

அதற்குள் இசை வடக்கே சென்றிருந்தது. நியூ ஜெர்சியின் நெவார்க் நகரத்து டிஜே டமீல், பால்டிமோர் இசைத்தட்டுகளைத் தன் ஊர் விருந்துகளில் போட்டு, பிறகு தானே செய்யத் தொடங்கினார். பிரிக் பேண்டிட்ஸ் என்ற குழு உருவாயிற்று. அங்கே கிக் தனக்கென ஒரு நடை பிடித்தது. ஒரு சுற்றைப் பதினாறு கூறாகப் பிரித்தால் 1, 5, 9 ஆகியவற்றில் நிதானமாக மூன்று அடி. பிறகு 12, 15 ஆகியவற்றில் நெருங்கி விழும் இரண்டு அடி. கடைசி மூன்று அடிகளுக்கு இடையே மும்மூன்று கூறு இடைவெளி. நாலின் நடையில் போய்க்கொண்டிருந்த உடம்பு அங்கே மூன்றின் நடைக்குச் சாய்கிறது. ஜெர்சி கிளப் ஆட்டத்தின் ரகசியம் அந்தச் சாய்வில்தான் இருக்கிறது. டிரில்வில் குழுவின் ‘சம் கட்’ பாட்டிலிருந்து எடுத்த கட்டில் கிறீச்சொலி அதற்கு முத்திரை. டிஜே ஜேஹுட், டிஜே ஸ்லிங்க், யூனீக் என்று அடுத்தடுத்த தலைமுறைகள் கணினியிலேயே டிராக் செய்து இணையத்தில் ஏற்றினார்கள். பால்டிமோர்க்காரர்களுக்குக் கடை செய்துகொடுத்ததை இவர்களுக்கு இணையம் செய்துகொடுத்தது.

வெளியூர்க் கலைஞர்களும் இந்த இசையைத் தேடி வந்தார்கள். அவர்களில் ஒருவர் நமக்கு நெருக்கமானவர். மாயா அருள்பிரகாசம், உலகம் அறிந்த பெயரில் எம்.ஐ.ஏ., 2007-ல் தன் தாயின் பெயரிலேயே வெளியிட்ட ‘கலா’ தொகுப்பில் தமிழ்நாட்டு உறுமி ஒலிக்கிறது; ‘பாம்பூ பாங்கா’வில் ‘தளபதி’ படத்து ‘காட்டுக்குயிலு’ பாட்டின் இளையராஜா இசைத் துண்டு வருகிறது. அதே தொகுப்பின் ‘வேர்ல்ட் டவுன்’, ‘தி டர்ன்’ பாடல்களில் பால்டிமோரின் பிளாக்ஸ்டார் பணியாற்றியிருக்கிறார். அவருடைய டிராக்கை மட்டும் எடுத்துக்கொண்டு போகாமல் ஆளையே அழைத்து, தயாரிப்பாளர் என்று பெயர் போட்டது மதிக்கத்தக்க செயல். 2009-ல் டிஜே கிளாஸின் பாட்டுக்குக் கான்யே வெஸ்ட் ரீமிக்ஸில் பாடினார். இப்படிச் சில கதவுகள் திறந்தன. எதுவும் நெடுநாள் திறந்திருக்கவில்லை.

காரணம் இசையின் அடித்தளத்திலேயே இருக்கிறது. ஒரு பழைய பதிவின் துண்டை முறைப்படி பயன்படுத்த இரண்டு அனுமதி வேண்டும்: ஒலிப்பதிவின் உரிமையாளரிடம் ஒன்று, பாடலின் பதிப்புரிமை வைத்திருப்பவரிடம் ஒன்று. சிறிய அளவில் தட்டு அச்சடித்த டிஜேக்கு இரண்டுமே எட்டாதவை. ஊருக்குள் விற்றவரை யாரும் கேட்கவில்லை. வெளியே வரும்போது கேள்வி வருகிறது. அனுமதி இல்லாத டிராக்கை இணைய இசைத் தளங்களில் முறையாக ஏற்ற முடியாது. ஏற்றாத டிராக்குக்கு ராயல்டி கிடையாது. ராயல்டி இல்லாத டிஜே அறுபது வயதிலும் வார இறுதி இரவுகளை நம்பித்தான் பிழைக்க வேண்டும். திருடியவர்கள்தானே என்று சுலபமாகச் சொல்லிவிடலாம். ஆனால் அந்தப் பழைய அடிகளை வாசித்த டிரம்மர்களுக்கும் பாடலாசிரியர் உரிமை இருந்ததில்லை. அடியை வாசித்தவருக்கும் பங்கில்லை, அதற்கு இரண்டாம் உயிர் கொடுத்தவருக்கும் பங்கில்லை. இந்தச் சட்ட அமைப்பு தாளத்தைப் படைப்பாகவே எண்ணவில்லை என்பதுதான் என் புகார்.

2022-ல் டிரேக் ‘ஆனஸ்ட்லி, நெவர்மைண்ட்’ தொகுப்பில் இந்தத் தாளங்களை எடுத்தாண்டார். அதே ஆண்டில் லில் ஊஸி வெர்ட்டின் ‘ஜஸ்ட் வானா ராக்’ ஜெர்சி கிக்கை உலகமெங்கும் கொண்டுபோனது. அதைச் செய்த எம்.சி.வெர்ட் நெவார்க்காரர், பெயரும் முறையாகப் பதிவாகியிருக்கிறது. இளையவர்களுக்கு நிலைமை கொஞ்சம் மாறியிருக்கிறது. மூத்தவர்களுக்கு மாறவில்லை. டிடி தி ஆர்டிஸ்ட் இயக்கிய ‘டார்க் சிட்டி: பினீத் தி பீட்’ என்ற 2020 ஆவணப்படம் பால்டிமோர் ஆட்டக்காரர்களையும் டிஜேக்களையும் அவர்கள் தெருக்களிலேயே வைத்துக் காட்டுகிறது. அது நல்ல தொடக்கம். அடுத்து வேண்டியது பொறுமையான பட்டியல் வேலை. ஜம்ப்ஆஃப் சி.டி.க்களையும் அன்ரூலி தட்டுகளையும் அந்த ஊர் நூலகங்களும் பல்கலைக்கழகங்களும் தேடிச் சேர்க்க வேண்டும். எந்த டிராக்கை யார் செய்தார், எந்தக் கூடத்தில் முதலில் போட்டார், குரல் யாருடையது என்று, செய்தவர்கள் உயிரோடிருக்கும்போதே உட்கார்ந்து கேட்டு எழுதிவைக்க வேண்டும்.