பொய்ச்சாட்சி சொல்லும் படச்சுருள்

அண்மையில் பிரிக்பீல்ட்ஸில் ஒரு மண்டபத்தில், 1941-ஆம் ஆண்டின் கிள்ளான் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தைப் பற்றிய சரித்திரப் படமொன்றைக் கண்டோம். அதன் நோக்கத்தை நாம் குறைகூற மாட்டோம். துரையைக் கண்டால் சைக்கிளை விட்டிறங்க வேண்டும் என்ற இழிவை ஒழிக்கவும், சீனத் தொழிலாளிக்குச் சமமான கூலி பெறவும் நம்மவர் போராடியதையும், துப்பாக்கிச் சூட்டில் ஐவர் மாண்டதையும், ஆர். எச். நாதன் நாடு கடத்தப்பட்டதையும் அது எடுத்துரைத்தது.

ஆனால், வேலைநிறுத்தத்துக்கு முந்திய தோட்டம் என்று காட்டிய பால்வெட்டுக் காட்சியை உதவியவர் யார்? படத்தின் முடிவில் மலாயா பிலிம் யூனிட் என்று கண்டிருந்தது. அந்த யூனிட் தோன்றியதோ 1946-இல்! பிறவாத பிள்ளை ஐந்தாண்டுகட்கு முன் நடந்ததைப் படம் பிடித்த அதிசயத்தை என்னென்பது?

இது அற்ப விஷயம் என்பாரும் உளர். நாம் தோட்டத்துக் கிராணி. செக்ரோலில் ஒருவன் பேரை நாள் மாற்றிப் பதிந்தால் அவன் கூலி போகும் என்பதை அறிவோம். படக்காப்பகத்தின் குறிப்பேடும் ஒரு செக்ரோலே. சுருளைக் குளிரறையில் வைத்துப் பூட்டுவதோடு காப்பாளர் கடமை தீர்ந்துவிடாது. எங்கே, எப்போது, யாரால், யார் பொருட்டு எடுத்தது என்று எழுதி வைப்பதே அத்தொழிலின் உயிர். படமெடுப்போர் முதலில் தேடுவது சுருளையன்று, குறிப்பையே. "ரப்பர்த் தோட்டம், தமிழர்" என்று மட்டும் எழுதிவைத்தால், அக்காட்சி எந்த ஆண்டுக்கும் ஆள்மாறாட்டம் செய்யும்.

"யார் பொருட்டு" என்பதும் முக்கியம். அந்த யூனிட் அரசாங்கத்தினுடையது. 1948 முதல் 1960 வரை நீடித்த அவசரகாலத்தில் அதன் படங்கள் அரசாங்கப் பிரசாரத்துக்கும் பயன்பட்டன. அத்தகைய படத்தில் தொழிலாளி சிரிக்கின்றான் என்றால், அச்சிரிப்பு யாருடைய வாதம் என்று பார்ப்போருக்குச் சொல்ல வேண்டாமா?

ஒரு காட்சி பொய்யென்று வெளிப்பட்டால், மாண்ட ஐவரின் மெய்யையும் எதிரி சந்தேகிப்பான். அதுவன்றோ நமது அச்சம்!

ஆகவே நாம் வேண்டுவன மூன்று. காப்பாளர் ஆண்டும் இடமும் அறியாத சுருளை "அறியப்படாதது" என்றே எழுதிக் கொடுக்கட்டும். படமெடுப்போர் எந்த ஆண்டுக் காட்சி என்பதைத் திரையிலேயே காட்டட்டும். தக்க காட்சி இல்லையென்றால் இல்லையென்றே சொல்லட்டும். மூன்றாவது நம் கடமை. தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாகி வருகின்றன. கோயிலையும் லயத்தையும் பெரட்டுக் களத்தையும் பார்த்த மாத்திரத்தில், இன்ன தோட்டம் என்று சொல்லவல்ல முதியோர் கிள்ளான் வட்டாரத்தில் இன்னும் சிலர் உளர். கோலாலம்பூரிலுள்ள தேசிய ஆவணக் காப்பகத்துக்கு அவர்களை அழைத்துச் சென்று, அங்குள்ள படங்களுக்கு ஊர் சொல்ல வைப்போமாக. அவர்கள் கண்மூடியபின் எந்தக் குறிப்பேட்டைத் திருத்தப் போகிறோம்?